இரண்டு ஊழிகள், ஒரு உடன்படிக்கை: உங்கள் புனைவுலகுக்கு எந்த மொழிவழி பொருந்தும்?

ஆயிரம் ஆண்டு இடைவெளி உள்ள இரண்டு ஊழிகள் ஒரு காலவாசல் வழியாகச் சந்தித்துக்கொள்ளும் ஃபேண்டஸி நாவலை எழுதுபவர்கள் பெரும்பாலும் ஒரே இடத்தில் சிக்கிக்கொள்கிறார்கள். போர் முடிந்தது, வாசலை யார் காப்பது, எந்தப் பொருள் எந்தப் பக்கம் போகலாம் என்று உடன்படிக்கை எழுத வேண்டும். அதை எந்த ஊழியின் மொழியில் எழுதுவது? நானூறு ஆண்டு கழித்து அதை யார், எப்படிப் படிப்பார்கள்?

எல்லோருக்கும் எல்லாம் புரியவைக்கும் மாயக்கல் ஒன்றை வைத்துத் தப்பித்துக்கொள்ளலாம் என்று தோன்றும். அது வேண்டாம். ஒரு சொல்லுக்கு அந்தக் கல் தருவது சொன்னவர் காலத்துப் பொருளா, கேட்பவர் காலத்துப் பொருளா என்று ஒரு வாசகர் கேட்டுவிட்டால் பதில் சொல்ல முடியாது. பதில் சொல்ல முயன்றால் கீழே வரும் நான்கு வழிகளில் ஏதாவது ஒன்றுக்குத்தான் வந்து சேர்வீர்கள்.

அந்த நான்கு: ஒரு ஊழியின் மொழியை உறையவைத்து எல்லோருக்கும் பொதுவாக்குவது, ஊழிக்கு ஒரு படி எழுதி எல்லாவற்றுக்கும் சம அதிகாரம் தருவது, குறித்த கால இடைவெளியில் உடன்படிக்கையைத் திரும்ப எழுதுவது, எழுதாமல் மனப்பாடக்காரர்களிடம் ஒப்படைப்பது. நான்கையும் மனிதர்கள் வரலாற்றில் செய்து பார்த்திருக்கிறார்கள். ஒவ்வொன்றும் எங்கே உடையும் என்பது அதனால் நமக்குத் தெரியும்.

எல்லா வழிகளையும் ஒரே வாசகத்தை வைத்துச் சோதிப்போம்:

"கிழவர் இசைவின்றிக் கோயில் நிலம் பெயர்தல் ஆகாது."

முன்னூழிக்காரர் இதைப் பழந்தமிழாகப் படிப்பார். கிழவர் என்றால் உரிமை உடையவர், கோயில் என்றால் அரசன் இருக்கும் மனை. உரியவர் ஒப்பாமல் அரண்மனை நிலம் கைமாறக் கூடாது என்பது அவருக்கு விளங்கும். பின்னூழிக்காரருக்கோ இது வயதானவர்கள் சம்மதிக்காமல் ஆலய நிலத்தை மாற்றக் கூடாது என்ற விதி. ஒரு எழுத்துகூட மாறவில்லை. இரு தரப்பும் மனமொத்துக் கையெழுத்திடும், இரு தரப்பும் பின்னால் ஏமாற்றப்பட்டதாக நினைக்கும்.

## எவற்றை வைத்து எடை போடுவது

பொருள் சொல்லும் உரிமை யாருக்கு? இதுதான் முதன்மையான அளவுகோல். எந்த மொழி என்பதைவிட, தகராறு வரும்போது "இந்தச் சொல்லுக்கு இதுதான் பொருள்" என்று சொல்லி முடிக்கும் வாய் யாருடையது என்பதே கதையின் அதிகாரக் கட்டமைப்பைத் தீர்மானிக்கிறது.

எந்தக் காலத்துப் பொருள்? எழுதிய நாளின் பொருளா, படிக்கிற நாளின் பொருளா? இதற்கு நிஜ வழக்கே உண்டு. நிகராகுவாவுக்குச் சொந்தமான சான் ஹுவான் ஆற்றில் வணிக நோக்கத்துக்காகக் கோஸ்டா ரிகா படகு விடலாம் என்று 1858ஆம் ஆண்டு உடன்படிக்கை சொன்னது. சுற்றுலாப் பயணிகளை ஏற்றிச் செல்வதும் வணிகமா என்று சண்டை வந்தது. 1858இல் அந்தச் சொல் சரக்கு வாங்கி விற்பதை மட்டுமே குறித்தது என்று நிகராகுவா வாதிட்டது. காலவரையற்ற உடன்படிக்கையில் இத்தகைய பொதுச்சொல்லின் பொருள் காலத்தோடு வளரும் என்று சர்வதேச நீதிமன்றம் 2009இல் தீர்ப்பளித்தது. பயணிகளை ஏற்றுவதும் வணிகத்துக்குள் வந்தது. உங்கள் உலகில் இந்தக் கேள்விக்கு விடை இல்லையென்றால் அங்கே உடன்படிக்கை இல்லை, வெறும் ஓலைதான் இருக்கிறது.

எத்தனை ஆண்டு தாங்க வேண்டும்? மொழியியலாளர் மோரிஸ் சுவாதேஷ் 20ஆம் நூற்றாண்டின் நடுவில் முன்வைத்த கணக்கு ஒன்று உண்டு: ஒரு மொழியின் 100 அடிப்படைச் சொற்களில் ஆயிரம் ஆண்டுக்குப் பின் சுமார் 86 தங்கும். அதே வீதத்தில் இரண்டாயிரம் ஆண்டுக்குப் பின் 74, மூவாயிரத்துக்குப் பின் 64. மொழிகளின் வயதைக் கணிக்க இதை நம்பக் கூடாது என்று மொழியியலாளர் பலர் சொல்கிறார்கள், சரிதான். கற்பனை மொழிக்கு எவ்வளவு தூரம் கொடுப்பது என்று முடிவு செய்ய இது போதும். கை, நீர், கல் போன்ற சொற்களுக்கான கணக்கு இது என்பதை மறக்க வேண்டாம். வரி, நிலம், பதவி பற்றிய சொற்கள் ஆட்சி மாறும்போதெல்லாம் ஆட்டம் காணும். உடன்படிக்கையில் நிறைந்திருப்பதோ அந்தச் சொற்கள்தாம்.

எழுதுகிற உங்களுக்கு என்ன செலவு? வாசகர் அகராதியைத் தேடிப் போனால் கதையை விட்டுப் போகிறார். ஒரு பக்கத்தில் இரண்டு மூன்று பழஞ்சொல்லுக்கு மேல் எந்த வழியும் கேட்கக் கூடாது.

## வழி 1: உறைமொழி

ஒரு காலத்து மொழியை அதன் இலக்கணத்தோடு நிறுத்தி, உடன்படிக்கை என்றால் அதில்தான் என்று விதிப்பது. கி.மு. 14ஆம் நூற்றாண்டில் எகிப்து மன்னர்கள் அண்டை அரசர்களோடு எழுதிக்கொண்ட அமர்னா கடிதங்களில் பெரும்பாலானவை எகிப்து மொழியில் இல்லை, அக்காடியத்தில் இருக்கின்றன. 1689இல் ரஷ்யாவும் சீனாவின் சிங் பேரரசும் நெர்சின்ஸ்கில் எல்லை வகுத்தபோது இரண்டுக்கும் அந்நியமான லத்தீனே அதிகாரப்பூர்வ மொழியானது, ஏனெனில் நடுவில் நின்று மொழிபெயர்த்தவர்கள் யேசு சபைப் பாதிரியார்கள்.

நன்மை தெளிவானது. சொல் நகராது, பழைய தீர்ப்புகள் என்றைக்கும் செல்லும். சோதனை வாசகத்தில் கிழவர் என்றால் என்றும் உரியவர்தான்.

மறைசெலவு பள்ளிக்கூடத்தில் இருக்கிறது. யாரும் வீட்டில் பேசாத மொழியை ஒவ்வொரு தலைமுறையும் புதிதாகக் கற்க வேண்டும். கற்பிக்கிறவர்கள் ஒரு சாதிபோலத் திரள்வார்கள், உரை எழுதுவார்கள், பிறகு உரையே மூலத்தை ஆளும். தொல்காப்பியத்தின் ஒரே நூற்பாவுக்கு இளம்பூரணரும் சேனாவரையரும் நச்சினார்க்கினியரும் வேறு வேறு விளக்கம் சொல்லும் இடங்கள் உண்டு. இலக்கண நூலில் அது அறிவு விவாதம். நிலவரி உடன்படிக்கையில் அதே வேறுபாடு ஒரு மாவட்டத்தையே கைமாற்றிவிடும். உரையாசிரியர் கையூட்டு வாங்கும் கதைக்கு இதைவிட நல்ல களம் கிடையாது.

இன்னொரு பள்ளம், புதுப்பொருளுக்குச் சொல் இல்லாமை. சாவியும் ஜன்னலும் மேசையும் போர்த்துகீசியரோடு தமிழுக்கு வந்த சொற்கள். முன்னூழி மொழியில் உறைந்த உடன்படிக்கை வாசலுக்குப் பூட்டும் சாவியும் செய்யச் சொல்வது எப்படி? ஐஸ்லாந்துக்காரர்கள் தொலைபேசிக்கு, நூல் அல்லது கயிறு என்ற பொருளில் வழக்கொழிந்து கிடந்த 'சீமி' என்ற பழஞ்சொல்லை எடுத்துப் பூட்டினார்கள். உங்கள் உலகிலும் இப்படிச் செய்யும் ஒரு சொல்லவை வேண்டும். அது ஆண்டுக்கு எத்தனை சொல் ஆக்கும், மறுக்கும் அதிகாரம் யாருக்கு என்ற இரண்டையும் உடன்படிக்கையிலேயே எழுதுங்கள். இவை இல்லாத உறைமொழி இரண்டு தலைமுறையில் சடங்கு மந்திரமாகிவிடும்.

இலக்கணப் பொறி ஒன்றும் இருக்கிறது. சங்க மொழியில் இறந்தகாலம், இறவாக்காலம் (நிகழ்வும் எதிர்வும் சேர்ந்தது) என்ற பிரிவே வலுவாக இருந்தது. 'கிறு', 'கின்று' கொண்ட நிகழ்கால வினை பின்னாளில் பரவியது. "வாயிலை முன்னூழியார் காப்பர்" என்று எழுதினால், இப்போது காக்கிறார்கள் என்றும் கொள்ளலாம், இனிமேல் காப்பார்கள் என்றும் கொள்ளலாம். பின்னூழியின் காது எதிர்காலத்தை மட்டும் கேட்கும். காவல் இன்னும் தொடங்கவில்லை என்று வாதாடும். உரையாடல் எழுதவும் இது உதவும். முன்னூழிப் பாத்திரம் 'வருகிறேன்' என்று சொல்லவே கூடாது, 'வருவேன்', 'வந்தேன்' போதும். பழஞ்சொல் ஒன்றுகூடச் சேர்க்காமலே குரல் வேறாகிவிடும்.

## வழி 2: சமப்படிகள்

ஊழிக்கு ஒரு படி, எல்லாம் சமம். நியாயமாகத் தோன்றும் வழி இதுதான். அதிகம் ரத்தம் சிந்தவைத்ததும் இதுதான்.

1889 மே 2 அன்று எத்தியோப்பிய மன்னர் மெனலிக்கும் இத்தாலியும் வுச்சாலேயில் கையெழுத்திட்டார்கள். 17ஆம் பிரிவின் அம்ஹாரியப் படி, மெனலிக் விரும்பினால் வெளிநாட்டுத் தொடர்புகளுக்கு இத்தாலியின் உதவியைப் பயன்படுத்திக்கொள்ளலாம் என்றது. இத்தாலியப் படியைக் காட்டி, இத்தாலி வழியாகவே நடத்த வேண்டும் என்றது இத்தாலி. ஒரு நாட்டையே தன் காப்புநாடு என்று உலகுக்கு அறிவித்தது. 1893இல் மெனலிக் உடன்படிக்கையை முறித்தார். 1896 மார்ச் 1 அன்று அட்வாவில் இத்தாலியப் படை தோற்றது. ஒரு வினையில் 'லாம்' இருப்பதா 'வேண்டும்' இருப்பதா என்பதுதான் அடிப்படைத் தகராறு.

நியூசிலாந்தின் வைடாங்கி உடன்படிக்கை (1840) இன்னும் நுட்பமானது. மிஷனரி ஹென்றி வில்லியம்ஸும் அவர் மகனும் ஒரே இரவில் அதை அந்த மண்ணின் மக்களுடைய மாவோரி மொழிக்கு மொழிபெயர்த்தார்கள். ஆங்கிலப் படி இறையாண்மையை பிரிட்டிஷ் அரசிக்குக் கொடுத்தது. மாவோரிப் படி ஆளுநர் ஆட்சியை மட்டும் கொடுத்து, தலைவர்களின் தலைமை உரிமையை அவர்களிடமே விட்டது. 500க்கும் மேற்பட்ட தலைவர்கள் மாவோரிப் படியில் கையொப்பமிட்டார்கள், ஆங்கிலப் படியில் 39 பேர். 1975இல்தான் இரண்டு படிகளையும் சேர்த்துப் பார்த்துப் பொருள் சொல்லும் அதிகாரத்தோடு ஒரு தீர்ப்பாயம் வந்தது. இடையில் போன 135 ஆண்டில் நிலமெல்லாம் கைமாறியிருந்தது.

சமப்படி வேண்டுமென்றால் இந்த நான்கையும் சேர்த்தே எழுதுங்கள்:

1. தகராறு தீர்க்கும் அவை முதல் நாளிலிருந்தே இருக்க வேண்டும். இரு ஊழியிலிருந்தும் சம எண்ணிக்கை, தலைவர் முறைமாறி வர வேண்டும்.
2. படிகள் முரண்பட்டால் எப்படித் தீர்ப்பது என்ற விதி. உடன்படிக்கைச் சட்டம் குறித்த 1969ஆம் ஆண்டு வியன்னா ஒப்பந்தத்தின் 33ஆம் பிரிவு, எல்லாப் படியிலும் சொற்களுக்கு ஒரே பொருள் என்று கருதித் தொடங்கு, வேறுபாடு தீராவிட்டால் உடன்படிக்கையின் நோக்கத்தைப் பார்த்து இணக்கு என்கிறது. உங்கள் உலகுக்கும் அப்படியே எடுத்துக்கொள்ளலாம்.
3. 'லாம்', 'வேண்டும்', 'கூடாது' மூன்றுக்கும் சொல்லோடு குறியும். ஆளைப் பொறுத்து மாறாத மூன்று முத்திரைகளை ஒவ்வொரு விதியின் ஓரத்திலும் பதியுங்கள். வுச்சாலே போன்ற தகராறு அங்கேயே நின்றுபோகும்.
4. மொழிபெயர்த்ததைத் திருப்பி மொழிபெயர்த்துப் பார்க்கும் நாள்கள். முதல் மொழிபெயர்ப்பைக் கண்ணால் பார்க்காத வேறொருவர் அதைச் செய்ய வேண்டும். சோதனை வாசகம் அந்த நிமிடமே அகப்பட்டுக்கொள்ளும்: அரண்மனை என்று போனது ஆலயம் என்று திரும்பி வரும்.

இந்த வழி இரு ஊழியும் உயிரோடு எதிரெதிரே நிற்கும்வரை நன்றாக ஓடும். ஒரு பக்கம் அழிந்தாலோ வாசல் மூடினாலோ, அந்தப் பக்கத்துப் படிக்காகப் பேச ஆளில்லாமல் போகிறது.

## வழி 3: புதுப்பிக்கும் கல்

அணுக்கழிவு புதைத்த இடத்தைப் பத்தாயிரம் ஆண்டு கழித்து வருகிறவருக்கு எப்படி எச்சரிப்பது என்று அமெரிக்க அரசு 1980களில் அமைத்த குழுவுக்காகக் குறியியல் அறிஞர் தாமஸ் செபியோக் எழுதிய அறிக்கை இந்த வழியின் தெளிவான வரைபடம். எந்தச் செய்தியையும் பத்தாயிரம் ஆண்டுக்கு எழுத முயலாதீர்கள், மூன்று தலைமுறைக்கு எழுதுங்கள், அந்தத் தலைமுறை அடுத்த மூன்றுக்குத் தன் மொழியில் எழுதட்டும் என்றார் அவர்.

தமிழ்நாட்டுக் கோயில்களில் இதற்குப் பக்கத்தில் வரும் பழக்கம் இருந்தது. சோழ அரசி செம்பியன் மாதேவி திருக்கோடிக்காவல் கோயிலைக் கற்கோயிலாக்கியபோது பழைய கல்வெட்டுகளைப் படியெடுத்துப் புதுச் சுவரில் வெட்டுவித்தார். இது பழங்கல்லின் படி என்ற குறிப்பும் அவற்றில் உண்டு. மூலம் எது, நகல் எது என்பதை மறைக்காமல் கல்லிலேயே சொன்ன அந்த நேர்மை எனக்கு மிகவும் பிடித்தது. உங்கள் உடன்படிக்கைக்கு அதை முதல் விதியாக வைக்கலாம்.

இடைவெளியை 60 ஆண்டாக வையுங்கள். பிரபவ முதல் அட்சய வரையிலான ஆண்டு வட்டம் வாசகர் மனதில் ஏற்கெனவே இருக்கிறது, விளக்க வேண்டியதில்லை. முந்தைய புதுப்பிப்பைச் சிறுவயதில் பார்த்த யாராவது ஒருவர் அடுத்ததற்கு உயிரோடு இருப்பார் என்பதும் பலம். 900 ஆண்டுக் கதையில் 15 புதுப்பிப்பு வரும்.

எங்கே கெடும்? நகலை மட்டும் பார்த்து அடுத்த நகல் எடுக்கும்போது கெடும். முதல் புதுப்பிப்பில் 'கிழவர்' என்பதை 'பெரியவர்' என்று எழுதுவார்கள், உரிமையாளர் என்ற நினைப்போடுதான். அடுத்தவர் அதை 'முதியவர்' ஆக்குவார். நூற்றிருபது ஆண்டில் உரிமை போய் வயது வந்துவிட்டது, பொய் சொன்னவர் யாரும் இல்லை. ஓலை என்றால் இன்னும் மோசம். பழைய ஏடுகளில் மெய்யெழுத்துக்குப் புள்ளி இருக்காது, ஒற்றைக்கொம்பும் இரட்டைக்கொம்பும் பிரியாது. 'கொடு' என்பதும் 'கோடு' என்பதும் ஒரே வடிவம். எல்லைக்கோடு பற்றிய விதி கொடை பற்றிய விதியாக ஒரு எழுத்தர் கையில் மாறிவிடலாம்.

ஆகவே மூன்று கல் வையுங்கள்: முதற்கல், முந்தைய கல், புதுக்கல். புதியதை எழுதுகிறவர் மற்ற இரண்டையும் பக்கத்தில் வைத்துத்தான் எழுத வேண்டும். முதற்கல்லை உடைப்பதோ இடம் மாற்றுவதோ உடன்படிக்கையையே முறிப்பதாகும். பொருள் மாறிய ஒவ்வொரு சொல்லுக்கும் ஒரு வரி விளக்கம் புதுக்கல்லின் அடியில் வர வேண்டும்.

மறைசெலவு அரசியல். ஒவ்வொரு புதுப்பிப்பும் பேரத்தை மறுபடி திறக்கிறது. வலுத்தவர் அந்த ஆண்டுக்காகக் காத்திருப்பார். சொல்லைப் புதுப்பிக்கிறோம் என்ற பெயரில் நிலத்தைப் புதுப்பிப்பார்கள். இதைக் குறையாகப் பார்க்க வேண்டாம், நாவலின் நடுப்பகுதிக்கு வேண்டிய நெருக்கடி தானாகக் கிடைக்கிறது.

## வழி 4: நாவுடையார்

எழுத்தே வேண்டாம், ஆள்களே உடன்படிக்கை. ஐஸ்லாந்தில் 930இல் தொடங்கிய ஆல்திங் பேரவையில் சட்டம் சொல்பவர் ஆண்டுக்கு மூன்றில் ஒரு பங்காகச் சட்டம் முழுவதையும் மூன்று ஆண்டில் ஓதி முடிப்பார். 1117-18 குளிர்காலத்தில்தான் அதை எழுத்தில் ஏற்றத் தொடங்கினார்கள். வேதம் ஓதுவோர் இதையும் தாண்டிப் பிழைதிருத்தத்தை ஓதும் முறைக்குள்ளேயே வைத்தார்கள். கனபாடத்தில் 1-2, 2-1, 1-2-3, 3-2-1, 1-2-3 என்று சொற்களை முன்னும் பின்னும் மாற்றி ஓதுவதால் ஒரு சொல் நழுவினால் உடனே இடறும்.

கணக்கு போட்டால் இந்தக் கவனம் ஏன் தேவை என்பது புரியும். ஆசிரியர்-மாணவர் கைமாற்றம் 30 ஆண்டுக்கு ஒன்று என்றால் 900 ஆண்டில் 30 கைமாற்றம். ஒவ்வொன்றிலும் நூற்றுக்கு ஒரு சொல் நழுவினால் கடைசியில் 74 சொல்தான் சரியாக இருக்கும். ஒன்றையொன்று சந்திக்காத இரண்டு மரபுகளை வைத்து, 12 ஆண்டுக்கு ஒருமுறை நேருக்கு நேர் ஓதவிட்டால் பெரும்பாலான பிழைகள் அகப்படும்.

ஒலி நிற்கும், பொருள் நிற்காது. மந்திரங்களுக்குப் பொருளே இல்லை என்று கௌத்சர் என்பவர் வாதிட்டதை, வேதச் சொற்களுக்குப் பொருள் சொல்லும் பழைய நூலான யாஸ்கரின் நிருக்தம் பதிவு செய்து மறுக்கிறது. அவ்வளவு முன்பே அப்படி ஒரு ஐயம் எழுந்துவிட்டது. நம் வாசகத்தைச் சரியான உச்சரிப்போடு சொல்லும் நாவுடையார் ஒருவர், கிழவர் என்றால் யார் என்று கேட்டால் விழிக்கலாம். கொள்ளைநோய் வந்தால் உடன்படிக்கையே செத்துப்போகும் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். எழுத்தில்லாத ஊழி, அலையும் இனக்குழு, இருபது விதிக்குள் அடங்கும் சிறிய உடன்படிக்கை ஆகியவற்றுக்கு மட்டும் இதைப் பரிந்துரைப்பேன்.

## ஒரே பார்வையில்

| வழி | பொருள் சொல்பவர் | கதையில் தாங்கும் காலம் | மறைசெலவு | பொருந்தும் கதை |
|---|---|---|---|---|
| உறைமொழி | உரையாசிரியர் | சொல்லவை உள்ளவரை | பள்ளி, புதுச்சொல் ஆக்கம் | மடம், கல்விக்கழகம், சூழ்ச்சி |
| சமப்படிகள் | கூட்டு அவை | இரு தரப்பும் உயிரோடு உள்ளவரை | நிரந்தரத் தகராறு | போர், தூது |
| புதுப்பிக்கும் கல் | அந்தத் தலைமுறை | 500 ஆண்டுக்கு மேலும் | 60 ஆண்டுக்கு ஒரு பேரம் | பல தலைமுறைக் காவியம் |
| நாவுடையார் | ஓதுபவர் | ஆள் உள்ளவரை | பொருள் இழப்பு | பயணம், தேடல் |

## எதை எடுப்பது

கதை ஒரே தலைமுறைக்குள் நடந்து, இரு ஊழி ஆள்களும் ஒரே அறையில் உட்கார்ந்து பேசுகிறார்கள் என்றால் சமப்படிகள். முறிவு எப்படியும் வரும், அதுவே உங்கள் கதை. ஐநூறு ஆண்டைத் தாண்டினால் புதுப்பிக்கும் கல்லைத்தான் எடுக்கச் சொல்வேன். 'பழையன கழிதலும் புதியன புகுதலும்' காலவகையால் வழுவல்ல என்று நன்னூல் ஏற்றுக்கொண்டதை ஏற்று நடப்பது இந்த நான்கில் இது ஒன்றுதான். மற்ற மூன்றும் மொழி மாறாது என்றோ மாறக் கூடாது என்றோ நினைக்கின்றன.

கலந்தும் செய்யலாம், ஆனால் வேலையைப் பிரித்துக் கொடுங்கள். நாகப்பட்டினம் சூடாமணி விகாரத்துக்கு ஆனைமங்கலம் ஊரைக் கொடுத்த, லெய்டன் செப்பேடு என்று அறியப்படும் சோழர் செப்பேட்டில் வமிசப் புகழ் வடமொழியில் வருகிறது. எல்லை, வரி, வாய்க்கால் எல்லாம் தமிழில், அதுவும் மிக நீளமாக. புகழ்ச்சியை யாரும் வழக்கு மன்றத்துக்குக் கொண்டுபோவதில்லை. வாய்க்காலைக் கொண்டுபோவார்கள், ஆகவே வாய்க்கால் ஊராருக்குப் புரிய வேண்டும். உங்கள் உடன்படிக்கையின் முகப்பையும் சபதத்தையும் உறைமொழியில் வைத்து, நிலம், வாசல், தண்டனை பற்றிய விதிகளைப் புதுப்பிக்கும் கல்லில் வையுங்கள். இரண்டும் முட்டினால் கல்லே வெல்லும் என்று ஒரு வரி சேருங்கள்.

எந்த வழியை எடுத்தாலும், எழுதத் தொடங்கும் முன் ஒரு தாளில் 12 சொற்களைக் குறித்துக்கொள்ளுங்கள்: நிலத்துக்கு நான்கு, பதவிக்கு மூன்று, தண்டனைக்கு மூன்று, வாசலுக்கு இரண்டு. ஒவ்வொன்றுக்கும் முன்னூழிப் பொருள், பின்னூழிப் பொருள், அது மாறிய ஆண்டு என்று மூன்று கட்டம் போடுங்கள். 'இறை' வரியா அரசனா கடவுளா, 'களவு' திருட்டா மணத்துக்கு முந்திய காதலா என்பது போன்றவை அங்கே சேரட்டும். நாவலுக்குள் முழு வாசகமாகக் காட்டும் விதி ஏழுக்கு மேல் போகாமல், அந்த ஏழில் குறைந்தது மூன்று விதிகள் இந்தச் சொற்களில் ஒன்றைத் தாங்கி நிற்கும்படி பாருங்கள். பட்டியலில் உள்ள மற்றச் சொற்களை அகராதியாக நூலின் கடைசியில் அச்சிட வேண்டாம். பாத்திரங்கள் ஒருவரையொருவர் தவறாகப் புரிந்துகொள்ளும் இடங்களில் அவை ஒவ்வொன்றாக வெளிவந்தால் போதும்.